பகிர்வு நூலகக் கோப்புகளும் நீக்க முடிவுகளும்: நச்சுநிரல் தடுப்பு, கணினித் தூய்மைப்படுத்தல் மென்பொருள்களை முன்வைத்து

ஆய்வுச் சுருக்கம்

கணினியில் ஒரே நிரற்பகுதியைப் பல மென்பொருள்கள் பொதுவில் பயன்படுத்தப் பகிர்வு நூலகக் கோப்புகள் துணைபுரிகின்றன. விண்டோஸ் இயங்குதளத்தில் இவை டி.எல்.எல். கோப்புகள் என வழங்கப்படுகின்றன. நச்சுநிரல் தடுப்பு மென்பொருள்களும் கணினித் தூய்மைப்படுத்தல் மென்பொருள்களும் இக்கோப்புகளைத் தாமும் பயன்படுத்துகின்றன; பிற மென்பொருள்களுக்கு உரிய இக்கோப்புகளைச் சோதித்து நீக்கவும் செய்கின்றன. இவ்விரட்டை நிலையால் எழும் சிக்கல்களை 2007 முதல் 2017 வரை நிகழ்ந்த சில நிகழ்வுகளின் வழி இக்கட்டுரை விளக்குகிறது. ஒரு பகிர்வு நூலகம் தேவையானதா, தேவையற்றதா என்பதை அக்கோப்பை மட்டும் ஆராய்ந்து முடிவு செய்ய இயலாது என்பதும், அதனைச் சார்ந்திருக்கும் மென்பொருள்களைப் பற்றிய பதிவே அம்முடிவுக்கு அடிப்படையாக அமைய வேண்டும் என்பதும் இக்கட்டுரையின் கருத்தாகும்.

திறவுச்சொற்கள்: பகிர்வு நூலகம், டி.எல்.எல்., நச்சுநிரல் தடுப்பு, பதிவகம், தவறான அடையாளம், தேடல் வரிசை, யூனிஸ்கிரைப்.

1. முன்னுரை

கல்வி நிறுவனங்களின் கணினி ஆய்வகங்களிலும் நூலகங்களிலும் தனிப்பட்ட பயன்பாட்டிலும் உள்ள விண்டோஸ் கணினிகளில் இருவகை மென்பொருள்கள் பரவலாக நிறுவப்படுகின்றன. ஒன்று, ஆன்டிவைரஸ் எனப் பொதுவாக அறியப்படும் நச்சுநிரல் தடுப்பு மென்பொருள். மற்றொன்று, தேவையற்ற கோப்புகளையும் பதிவகக் குறிப்புகளையும் நீக்கிக் கணினியின் வேகத்தைக் கூட்டுவதாகக் கூறும் தூய்மைப்படுத்தல் மென்பொருள். இவை இரண்டின் பணியும் ஒரு முடிவில் வந்து நிற்கிறது. குறிப்பிட்ட கோப்பு கணினியில் இருக்கலாமா, நீக்கப்பட வேண்டுமா என்பதே அம்முடிவு.

தனித்த ஓர் ஆவணக் கோப்பு தவறுதலாக நீக்கப்பட்டால் இழப்பு அந்த ஆவணத்தோடு நின்றுவிடும். பகிர்வு நூலகக் கோப்பு நீக்கப்பட்டால் அதனைச் சார்ந்த அனைத்து மென்பொருள்களும் செயலிழக்கும். சில வேளைகளில் கணினியே தொடங்காது. ஆகவே இக்கோப்புகளின் அமைப்பையும் இயக்கத்தையும் விளங்கிக்கொள்வது கணினித் துறையினர்க்கு மட்டுமன்றி, ஆய்வுத் தரவுகளைக் கணினியில் சேமித்து வைக்கும் எவர்க்கும் இன்றியமையாதது ஆகிறது.

2. பகிர்வு நூலகம்: பொருளும் பயனும்

ஒரு மென்பொருளுக்குத் தேவையான பொதுச் செயற்கூறுகளை இருவழிகளில் அதனுடன் சேர்க்கலாம். மென்பொருளை உருவாக்கும்போதே அச்செயற்கூறுகளின் படியை அதனுள் பதித்துவிடுவது நிலைநிலை இணைப்பு. செயற்கூறுகளைத் தனிக்கோப்பில் வைத்து, மென்பொருள் இயங்கும்போது மட்டும் அவற்றை நினைவகத்திற்குக் கொண்டுவருவது இயங்குநிலை இணைப்பு. இரண்டாம் வகை இணைப்பை 1960களில் உருவான மல்டிக்ஸ் இயங்குதளத்திலேயே காணலாம். 1985 நவம்பரில் வெளிவந்த விண்டோஸின் முதற்பதிப்பு 256 கிலோபைட் நினைவகத்தில் இயங்க வேண்டியிருந்தது. அச்சிறிய இடத்திற்குள் ஒரே நிரற்பகுதியின் பல படிகளை வைத்திருக்க வழியில்லை. இந்நெருக்கடியில் இயங்குநிலை இணைப்பு விண்டோஸின் அடிப்படை அமைப்பாகவே ஆயிற்று. சாளரங்களைக் கையாளும் செயற்கூறுகளும் வரைகலைச் செயற்கூறுகளும் தனி நூலகங்களாக அமைந்தன.

இவ்வமைப்பின் பயன்கள் மூன்று. முதலாவது, வட்டிலும் நினைவகத்திலும் ஏற்படும் சிக்கனம். நூலகத்தின் மாறாத பக்கங்கள் நினைவகத்தில் ஒரே ஒருமுறை வைக்கப்பட்டுப் பல மென்பொருள்களுக்கும் காட்டப்படுகின்றன. இரண்டாவது, திருத்தத்தின் எளிமை. நூலகத்தில் உள்ள பிழையை ஓரிடத்தில் களைந்தால் அதனைப் பயன்படுத்தும் அனைத்தும் பயன்பெறும். மூன்றாவது, விரிவாக்கத்தின் எளிமை. முதன்மை மென்பொருளை மாற்றாமலேயே புதிய நூலகத்தைச் சேர்த்துப் புதிய திறனை வழங்கலாம்.

நூலகத்தை அழைக்கும் முறையும் இருவகைப்படும். மென்பொருள் தொடங்கும்போதே தேவையான நூலகங்களின் பட்டியலைப் படித்து அனைத்தையும் ஏற்றுவது ஒருவகை. இப்பட்டியல் மென்பொருள் கோப்பினுள்ளேயே எழுதப்பட்டிருக்கும். எனவே அதனை வெளியிலிருந்து ஆராய்ந்து அறியலாம். தேவை எழும் தருணத்தில் மட்டும் நூலகத்தைப் பெயர் சொல்லி அழைப்பது மற்றொரு வகை. ஆண்டுக்கு ஒருமுறை மட்டும் பயன்படும் அச்சிடல் வசதி ஒன்றிற்கான நூலகம் அவ்வொரு நாளில் மட்டுமே அழைக்கப்படலாம். அதன் பெயர் பட்டியலில் இடம்பெறாது. ஒரு நூலகம் பயன்பாட்டில் இல்லை என்று புறச்சோதனையால் உறுதி செய்ய முடியாமைக்கு இதுவே முதற்காரணம் எனலாம்.

3. பதிப்பு முரணும் கணக்கீட்டு முறையும்

பகிர்வு என்பது பயனோடு சிக்கலையும் உடன்கொணர்ந்தது. 1990களில் ஒவ்வொரு மென்பொருளும் தனக்குத் தேவையான நூலகங்களை விண்டோஸின் பொது அடைவில் கொண்டுவந்து வைத்தது. பின்னர் நிறுவப்பட்ட மென்பொருள் அதே பெயருடைய பழைய பதிப்பை அங்கே எழுதிவிட்டால், புதிய பதிப்பை நம்பியிருந்த முன்னைய மென்பொருள் செயலிழந்தது. இந்நிலையைக் கணினித் துறையினர் ‘டி.எல்.எல். நரகம்’ என்று அழைத்தனர். நீக்கும்போதும் இதே சிக்கல் தோன்றியது. ஒரு மென்பொருளை அகற்றுகையில் அது வைத்த நூலகத்தையும் அகற்றினால், அதனைப் பயன்படுத்திவந்த வேறொரு மென்பொருள் பாதிக்கப்பட்டது.

இதற்குத் தீர்வாக விண்டோஸ் பதிவகத்தில் ‘ஷேர்டு டி.எல்.எல்.ஸ்’ என்னும் பகுதி அமைக்கப்பட்டது. அதில் ஒவ்வொரு பகிர்வு நூலகத்தின் முழு முகவரியும் அதற்கு நேரே ஓர் எண்ணும் இடம்பெறும். மென்பொருள் நிறுவப்படும்போது அவ்வெண் ஒன்று கூடும். அகற்றப்படும்போது ஒன்று குறையும். எண் சுழியமாகும்போது, இக்கோப்பை வேறெந்த மென்பொருளும் பயன்படுத்துவதாகத் தெரியவில்லை, நீக்கலாமா என்று பயனரிடம் கேட்கப்படும். நூல்நிலையத்தில் ஒரு நூலை எத்தனை பேர் வேண்டிப் பதிந்துள்ளனர் என்று குறித்துவைப்பதைப் போன்ற ஏற்பாடு இது.

இக்கணக்கு அனைவரும் தவறாது எழுதினால் மட்டுமே மெய்யாகும். அமைவு நிரலின்றிக் கைப்பட நகலெடுத்து வைக்கப்பட்ட மென்பொருள் இக்கணக்கில் வராது. ஒரே மென்பொருளை இருமுறை நிறுவினால் எண் இருமுறை கூடி, ஒருமுறை அகற்றும்போது ஒன்று மட்டுமே குறையும் நிலையும் உண்டு. முதற்குறையால் தேவையான கோப்பு தேவையற்றதாகத் தோன்றும். இரண்டாம் குறையால் தேவையற்ற கோப்பு தேவையானதாகவே நீடிக்கும்.

பின்னைய விண்டோஸ் பதிப்புகள் வேறு வழிகளைக் கைக்கொண்டன. விண்டோஸ் 2000 பதிப்பில் கணினிக் கோப்புகளைக் காக்கும் ஏற்பாடு சேர்க்கப்பட்டது. காக்கப்பட்ட நூலகம் மாற்றப்பட்டாலோ நீக்கப்பட்டாலோ, தனியே சேமித்து வைக்கப்பட்ட படியிலிருந்து அது மீட்டெடுக்கப்பட்டது. 2001இல் வெளிவந்த எக்ஸ்பி பதிப்பில் ஒரே நூலகத்தின் பல பதிப்புகளை அருகருகே வைத்திருக்கும் ‘வின்எஸ்எக்ஸ்எஸ்’ அடைவு நடைமுறைக்கு வந்தது. விஸ்டா பதிப்பு முதல் கணினிக் கோப்புகளை மாற்றும் உரிமை நிர்வாகியிடமிருந்தும் விலக்கப்பட்டு, நிறுவல் பணிக்கெனவே அமைந்த தனிச் சேவையிடம் ஒப்படைக்கப்பட்டது.

4. தூய்மைப்படுத்தல் மென்பொருள்களின் அணுகுமுறை

தூய்மைப்படுத்தல் மென்பொருள்கள் பகிர்வு நூலகங்களை இருவகையில் அணுகுகின்றன. பதிவகத்தின் பகிர்வு நூலகப் பட்டியலைப் படித்து, அதில் குறிக்கப்பட்ட முகவரியில் கோப்பு இல்லையெனில் அக்குறிப்பைப் பிழை எனக் காட்டுவது முதல்வகை. ‘காணாமற்போன பகிர்வு நூலகங்கள்’ என்னும் தலைப்பில் இத்தகைய பட்டியலைப் பயனர் காணலாம். வட்டில் உள்ள கோப்புகளுள் எவராலும் பயன்படுத்தப்படாதவை, ஒரே பெயரில் இருமுறை உள்ளவை ஆகியவற்றைத் தேடி நீக்கப் பரிந்துரைப்பது இரண்டாம் வகை.

முதல்வகையில் நீக்கப்படுவது ஒரு வரிக் குறிப்பு மட்டுமே. பதிவகம் பல்லாயிரக்கணக்கான குறிப்புகளைக் கொண்ட தரவுத்தளம்; இயங்குதளம் தனக்கு வேண்டிய குறிப்பை நேரே தேடிப் பெறுகிறது. சில நூறு குறிப்புகளை அகற்றுவதால் உணரத்தக்க வேகம் கூடுவதில்லை. இழப்போ நேரக்கூடும். கழற்றத்தக்க வட்டிலோ வலையமைப்பு வட்டிலோ உள்ள நூலகம், அவ்வட்டு இணைக்கப்படாத வேளையில் காணாமற்போனதாகவே தோன்றும். 64 பிட் விண்டோஸில் மற்றொரு நுட்பமும் கருதத்தக்கது. அங்கே 64 பிட் நூலகங்கள் ‘சிஸ்டம்32’ அடைவிலும், 32 பிட் நூலகங்கள் ‘சிஸ்வாவ்64’ அடைவிலும் உள்ளன. 32 பிட் மென்பொருள் ஒன்று முதல் அடைவைத் திறக்க முற்பட்டால் இயங்குதளம் அதனை இரண்டாம் அடைவுக்குத் திருப்பிவிடும். இதனைக் கருத்தில் கொள்ளாது எழுதப்பட்ட 32 பிட் தூய்மைப்படுத்தல் மென்பொருளுக்கு, உள்ள கோப்பே இல்லாததாகத் தென்படும்.

இரண்டாம் வகை இன்னும் இடர் மிகுந்தது. ‘வின்எஸ்எக்ஸ்எஸ்’ அடைவு பல கிகாபைட் அளவுடையதாகத் தோன்றுவதால் அதனை வீணெனக் கருதும் போக்கு பயனரிடையே உண்டு. அங்குள்ள கோப்புகளுள் பல, பிற அடைவுகளில் காணப்படும் அதே கோப்புகளின் மறுபெயர்களே. வட்டில் ஒரே இடத்தில் உள்ள உள்ளடக்கத்திற்கு இரு பெயர்கள் இருப்பின், கோப்பு உலாவி அதனை இருமுறை எண்ணுகிறது. எனவே காட்டப்படும் அளவு மெய்யளவை விட மிகுதி. அவ்வடைவை நேரடியாக அழிப்பது இயங்குதளத்தைக் கடுமையாகச் சிதைக்கும் என்று மைக்ரோசாப்ட் எச்சரிக்கிறது. பழைய பதிப்புகளை முறையாக நீக்க இயங்குதளத்திலேயே கருவிகள் தரப்பட்டுள்ளன. பதிவகத் தூய்மைப்படுத்தல் மென்பொருள்களின் பயன்பாட்டைத் தான் ஆதரிப்பதில்லை என்பதும் அந்நிறுவனத்தின் வெளிப்படையான நிலைப்பாடு. அந்நிறுவனமே 1990களில் ‘ரெக்கிளீன்’ என்னும் இத்தகைய கருவியை வழங்கிப் பின்னர்க் கைவிட்டது என்பது இங்கு நினைவுகூரத்தக்கது.

5. நச்சுநிரல் தடுப்பு மென்பொருளும் பகிர்வு நூலகமும்

5.1 நூலகத்தைப் பயன்படுத்தும் நிலை

நச்சுநிரல் தடுப்பு மென்பொருளின் மையப் பகுதியான சோதனைப் பொறி பெரும்பாலும் ஒரு பகிர்வு நூலகமாகவே அமைகிறது. திறமூல மென்பொருளான கிளாம்ஏவியின் சோதனைப் பொறி ‘லிப்கிளாம்ஏவி’ என்னும் நூலகமாக உள்ளது. மின்னஞ்சல் வழங்கிகளும் கோப்பு வழங்கிகளும் இதன் துணையால் தம் வழியே செல்லும் கோப்புகளைச் சோதிக்கின்றன. மைக்ரோசாப்டின் சோதனைப் பொறி ‘எம்பிஎன்ஜின்.டிஎல்எல்’ என்னும் ஒரே கோப்பாக அந்நிறுவனத்தின் பல பாதுகாப்பு மென்பொருள்களில் பயன்பட்டது. 2015இல் வெளிவந்த விண்டோஸ் 10 பதிப்பில் ‘ஆம்சி.டிஎல்எல்’ என்னும் இடைமுக நூலகம் சேர்க்கப்பட்டது. பவர்ஷெல் போன்ற மென்பொருள் ஒரு கட்டளைத் தொடரை இயக்குமுன் இந்நூலகத்தின் வழியே அதனைச் சோதனைக்கு அனுப்புகிறது. கணினியில் உள்ள நச்சுநிரல் தடுப்பு மென்பொருள் தன் நூலகத்தை இதனுடன் பதிவுசெய்துகொண்டு விடையளிக்கிறது.

பகிர்வின் நன்மை தீமை இரண்டையும் 2017 மே மாத நிகழ்வு தெளிவாகக் காட்டுகிறது. கூகுளின் பிராஜெக்ட் ஜீரோ குழுவைச் சேர்ந்த டாவிஸ் ஆர்மண்டி, நேட்டலி சில்வானோவிச் ஆகியோர் எம்பிஎன்ஜின் நூலகத்தில் ஒரு பாதுகாப்புக் குறையைக் கண்டறிந்தனர். தனியே வடிவமைக்கப்பட்ட கோப்பு ஒன்று கணினிக்கு வந்து சேர்ந்தாலே போதும். பயனர் அதனைத் திறக்க வேண்டியதில்லை. பொறி அதனைச் சோதிக்கும்போதே தாக்குதல் நிகழும். அப்பொறி கணினியின் உயர்ந்த உரிமையோடு இயங்கியதால் விளைவும் பெரிதாக இருக்கும். ஒரு நூலகத்தின் குறை அதனைப் பகிர்ந்துகொண்ட அனைத்து மென்பொருள்களின் குறையாயிற்று. ஆயினும் மைக்ரோசாப்ட் சில நாள்களிலேயே திருத்திய பொறியை வெளியிட்டபோது, அவ்வொரு திருத்தமே அனைத்துக்கும் மருந்தாகவும் அமைந்தது.

இதற்கு மறுதலையான நிகழ்வு 2016 ஜூனில் வெளிப்பட்டது. சைமன்டெக் நிறுவனத்தின் மென்பொருள்களில் சுருக்கக் கோப்புகளை விரிப்பதற்காகச் சேர்க்கப்பட்டிருந்த திறமூல நூலகங்களின் படிகள் ஏழாண்டுகளாகப் புதுப்பிக்கப்படாதிருந்ததை அதே குழு சுட்டிக்காட்டியது. மூல நூலகங்களில் களையப்பட்டுவிட்ட குறைகள் இப்படிகளில் நீடித்தன. பொது நூலகத்தைப் பகிராது தனிப்படி வைத்துக்கொள்வதால் பதிப்பு முரண் நீங்கும். ஆனால் அப்படியைப் புதுப்பிக்கும் பொறுப்பு தயாரிப்பாளரின் தலையில் நிலையாக ஏறிக்கொள்ளும். இவ்விரு நிகழ்வுகளும் அவ்வுண்மையை உணர்த்துகின்றன.

5.2 நூலகத்தைச் சோதிக்கும் நிலை

நச்சுநிரலின் அடையாளமாகக் கருதப்படும் பைட் வரிசையோ பண்போ ஒரு கோப்பில் காணப்பட்டால் சோதனைப் பொறி அதனை நச்சுநிரல் என அறிவிக்கிறது. நல்ல கோப்பு நச்சுநிரலாக அறிவிக்கப்படுவது தவறான அடையாளம் எனப்படும். ஒரே மொழிமாற்றியால் உருவாக்கப்பட்ட நிரல்களுள் பொதுவான பகுதிகள் பல உள்ளன. அடையாளம் எழுதுபவர் நச்சுநிரலுக்கே உரிய பகுதியைத் தேர்ந்தெடுக்காது பொதுப்பகுதியைத் தேர்ந்தெடுத்தால், குற்றமற்ற கோப்பும் அதில் சிக்கும். சிக்கிய கோப்பு இயங்குதளத்தின் பகிர்வு நூலகமாக இருப்பின் விளைவு கடுமையாகும். பின்வரும் நிகழ்வுகள் இதற்குச் சான்றாகும்.

அ) 2007 மே 18 அன்று சைமன்டெக்கின் புதிய அடையாளத் தொகுப்பு, எளிய சீன எழுத்தில் அமைந்த விண்டோஸ் எக்ஸ்பியின் ‘நெட்ஏபிஐ32.டிஎல்எல்’, ‘எல்எஸ்ஏஎஸ்ஆர்வி.டிஎல்எல்’ ஆகிய இரு நூலகங்களை ஹாக்ஸ்டோர் என்னும் நச்சுநிரலாகக் கருதி விலக்கியது. பாதிக்கப்பட்ட கணினிகள் மீண்டும் தொடங்க இயலாமற்போயின.

ஆ) 2008 நவம்பரில் ஏவிஜி மென்பொருள், விண்டோஸ் எக்ஸ்பியின் ‘யூசர்32.டிஎல்எல்’ நூலகத்தை வங்கிக் கடவுச்சொல் திருடும் நச்சுநிரலாக அறிவித்தது. டச்சு, பிரெஞ்சு, இத்தாலியம், போர்த்துகீசியம், ஸ்பானியம் ஆகிய மொழிப் பதிப்புகளில் இது நேர்ந்தது. சாளரங்களைக் கையாளும் அந்நூலகத்தைப் பரிந்துரைப்படி நீக்கியவர்களின் கணினிகள் தொடங்க மறுத்தன, அல்லது ஓயாது மறுதொடக்கம் ஆயின.

இ) 2010 ஏப்ரல் 21 அன்று மெக்காஃபியின் 5958ஆம் அடையாளத் தொகுப்பு, விண்டோஸ் எக்ஸ்பியின் மூன்றாம் சேவைத் தொகுப்பு நிறுவப்பட்ட கணினிகளில் ‘எஸ்விசிஹோஸ்ட்’ கோப்பை நச்சுநிரலாகக் கொண்டது. இக்கோப்பு தானே நூலகம் அன்று. சேவைகளுக்குரிய பல நூலகங்களைத் தன்னுள் ஏற்றி இயக்கும் தாங்கி. தாங்கி நீங்கியபோது நூலகங்கள் பழுதின்றி இருந்தும் வலையமைப்பு உள்ளிட்ட சேவைகள் நின்றன.

ஈ) 2012 செப்டம்பரில் சோபோஸ் மென்பொருள், பிற மென்பொருள்களின் புதுப்பித்தல் கூறுகளோடு தன் சொந்தப் புதுப்பித்தல் கூறுகளையும் நச்சுநிரலாக அறிவித்தது. திருத்திய அடையாளத்தைப் பெறும் வழியே அதனால் அடைபட்டது.

முதல் இரு நிகழ்வுகளுக்கும் இடையே ஓர் ஒப்புமை உண்டு. பாதிப்பு குறிப்பிட்ட மொழிப் பதிப்புகளோடு நின்றது. ஒரே பெயரும் ஒரே பணியும் உடைய நூலகம் மொழிக்கு மொழி பைட் அளவில் வேறுபடுகிறது. ஆகவே ஆங்கிலப் பதிப்பில் சோதித்து வெளியிட்ட அடையாளம் பிற மொழிப் பதிப்பில் பிழைபடக்கூடும். பயனர் எண்ணிக்கை குறைந்த மொழிகளின் பதிப்புகள் இத்தகைய சோதனைகளில் விடுபட வாய்ப்பு மிகுதி என்பது இதிலிருந்து பெறப்படும் கருத்தாகும்.

6. தேடல் வரிசையும் போலி நூலகங்களும்

தவறான அடையாளத்திற்கு அஞ்சி நூலகக் கோப்புகளைச் சோதிக்காது விடுவதும் இயலாது. நச்சுநிரல்கள் நூலக வடிவில் மறைவது வழக்கம். முழு முகவரியின்றிப் பெயர் மட்டும் சொல்லி ஒரு நூலகம் அழைக்கப்பட்டால், விண்டோஸ் அதனைக் குறிப்பிட்ட வரிசையில் தேடுகிறது. மென்பொருள் உள்ள அடைவு, கணினி அடைவு, 16 பிட் கணினி அடைவு, விண்டோஸ் அடைவு, நடப்பு அடைவு, பாதைப் பட்டியலில் உள்ள அடைவுகள் என்பது அவ்வரிசை. முன்னர் நடப்பு அடைவு இரண்டாம் இடத்தில் இருந்தது. எக்ஸ்பியின் இரண்டாம் சேவைத் தொகுப்பு முதல் அது பின்னுக்குத் தள்ளப்பட்டது. ஆவணம் இருந்த அடைவிலேயே போலி நூலகத்தை வைத்து, ஆவணத்தைத் திறக்கும் மென்பொருளை ஏமாற்றும் முறை குறித்து 2010 ஆகஸ்டில் மைக்ரோசாப்ட் பாதுகாப்பு அறிவுரை வெளியிட்டது.

மென்பொருள் உள்ள அடைவு இன்றும் முதலிடத்தில் உள்ளது. மெய்யான கையொப்பமுடைய நிரல் ஒன்றை வேறோர் அடைவுக்குக் கொண்டுசென்று, அருகில் அது எதிர்பார்க்கும் பெயரில் போலி நூலகத்தை வைத்தால், நம்பத்தக்க நிரலே போலியை ஏற்றிவிடும். ‘பிளக்எக்ஸ்’ என்னும் நச்சுநிரல் குடும்பம் இம்முறைக்கு நச்சுநிரல் தடுப்பு நிறுவனங்களின் கையொப்பமிட்ட நிரல்களையே பயன்படுத்தியது. காவலரின் அடையாள அட்டையைக் காட்டி உள்ளே நுழைவது போன்றது இது.

2017இல் நிகழ்ந்த சிகிளீனர் நிகழ்வு இவை அனைத்தும் ஒருங்கே கூடிய எடுத்துக்காட்டு. பிரிஃபார்ம் நிறுவனத்தின் சிகிளீனர் உலகளவில் பரவலாகப் பயன்பட்ட தூய்மைப்படுத்தல் மென்பொருள். அந்நிறுவனத்தை 2017 ஜூலையில் நச்சுநிரல் தடுப்பு நிறுவனமான அவாஸ்ட் வாங்கியது. ஆகஸ்ட் 15 அன்று வெளியான 5.33.6162 பதிப்பின் 32 பிட் நிரலில் தாக்குதலாளர்கள் தம் நிரற்பகுதியை முன்னரே சேர்த்திருந்தனர். அப்பதிப்பு நிறுவனத்தின் முறையான இலக்கக் கையொப்பத்துடனேயே வெளியாயிற்று. அது செப்டம்பர் 12 வரை வழங்கப்பட்டது. ஏறத்தாழ 22 இலட்சத்து 70 ஆயிரம் கணினிகளைச் சென்றடைந்தது. செப்டம்பர் 18 அன்று சிஸ்கோவின் டாலோஸ் குழு இதனை வெளிப்படுத்தியது.

செருகப்பட்ட பகுதி ஒரு நூலகத்தை மறைகுறியாக்கிய வடிவில் சுமந்திருந்தது. அந்நூலகம் வட்டில் கோப்பாக எழுதப்படாமல் நினைவகத்திலேயே விரிக்கப்பட்டு இயங்கியது. வட்டுக் கோப்புகளை மட்டும் தேடும் சோதனைக்கு அது அகப்படாது. தேர்ந்தெடுக்கப்பட்ட சுமார் 40 கணினிகளுக்கு மட்டும் இரண்டாம் நிலை நச்சுநிரல் அனுப்பப்பட்டது. அது 64 பிட் கணினிகளில் சைமன்டெக்கின் பாதுகாப்பு மென்பொருளுக்குரிய பெயரையும், 32 பிட் கணினிகளில் கோரல் நிறுவன மென்பொருளுக்குரிய பெயரையும் பூண்டு மறைந்தது. அடைவைப் பார்வையிடும் நிர்வாகி, பாதுகாப்பு மென்பொருளின் நூலகம் எனக் கருதி அதனைத் தொடாது விட்டுவிட வேண்டும் என்பதே இதன் நோக்கம் எனக் கருத இடமுண்டு. கோப்பின் பெயரோ இலக்கக் கையொப்பமோ தனித்த நிலையில் போதிய சான்றாகாது என்பதை இந்நிகழ்வு நிறுவுகிறது.

7. தமிழ் எழுத்துக் காட்சியும் ஒரு பகிர்வு நூலகமும்

பகிர்வு நூலகத்தின் இன்றியமையாமையைத் தமிழ்ப் பயனர் தம் திரையிலேயே உணரத்தக்க சான்று யூனிஸ்கிரைப் நூலகம். ஒருங்குறியில் ‘கெ’ என்னும் எழுத்து, முதலில் ககரமும் பின்னர் ஒற்றைக்கொம்பும் என்னும் ஒலிப்பு வரிசையில் சேமிக்கப்படுகிறது. திரையிலோ கொம்பு முன்னும் ககரம் பின்னும் வர வேண்டும். ‘கொ’ எனில் ஒரே உயிர்க்குறி இரண்டாகப் பிரிந்து ககரத்தின் இருபுறமும் அமைய வேண்டும். இவ்விடமாற்றத்தைச் செய்வது எழுத்துரு மட்டுமன்று. எழுத்துருவை வழிநடத்தும் நூலகமும் ஆகும். டிஸ்கி, டாப் போன்ற முந்தைய குறியேற்றங்களில் கண்ணுக்குத் தெரியும் வரிசையிலேயே எழுத்துகள் சேமிக்கப்பட்டமையால் இந்நூலகம் தேவைப்படவில்லை. லதா எழுத்துருவுடன் தமிழை ஏற்ற விண்டோஸ் 2000 பதிப்பில் இப்பணியை யூனிஸ்கிரைப் மேற்கொண்டது.

மைக்ரோசாப்ட் ஆபிஸ் 2003 தொகுப்பு தனக்கெனத் தனியாக இந்நூலகத்தின் ஒரு படியைக் கொண்டிருந்தது. எனவே ஒரே கணினியில் ஒரே பெயரும் வெவ்வேறு பதிப்பெண்ணும் உடைய இரு கோப்புகள் இருந்தன. பெயரை மட்டும் ஒப்பிடும் தூய்மைப்படுத்தல் கருவிக்கு இவற்றுள் ஒன்று வீணான இரட்டைப்படி. உண்மையில் இரண்டும் முறையானவை. ஒவ்வொன்றும் வெவ்வேறு மென்பொருளுக்கு உரியது. புதிய பதிப்பை நம்பிய மென்பொருளுக்குப் பழைய பதிப்பு வாய்க்கும்போது, அப்பழைய பதிப்பு அறியாத எழுத்துச் சேர்க்கைகள் புள்ளி வட்டங்களோடும் இடம் மாறிய கொம்புகளோடும் சிதைந்து தோன்றக்கூடும். தரவு சிதையவில்லை, அதனைக் காட்டும் நூலகமே மாறியுள்ளது. இவ்வேறுபாட்டை அறியாதவர் ஆவணமே பழுதாயிற்று எனக் கருத நேரும். இன்று ஃபயர்பாக்ஸ், குரோம், லிப்ரேஆபிஸ் போன்றவற்றில் ஹார்ஃப்பஸ் என்னும் திறமூல நூலகம் இதே பணியைச் செய்கிறது.

8. லினக்ஸ் முறையோடு ஓர் ஒப்பீடு

லினக்ஸ் இயங்குதளத்தில் பகிர்வு நூலகங்கள் ‘எஸ்ஓ’ கோப்புகளாக உள்ளன. கோப்பின் பெயரிலேயே பதிப்பெண் இடம்பெறுவதால் பொருந்தாத இரு பதிப்புகள் அருகருகே இருக்கலாம். டெபியன் முதலான வழங்கல்களில் ஒவ்வொரு தொகுப்பும் எவ்வெவற்றைச் சார்ந்துள்ளது என்பது தொகுப்பு மேலாளரின் தரவுத்தளத்தில் பதியப்படுகிறது. ஒரு நூலகம் பயனர் கேட்டு வந்ததா, வேறொன்றின் தேவைக்காகத் தானே வந்ததா என்பதும் குறிக்கப்படுகிறது. தானே வந்து, இப்போது எவராலும் வேண்டப்படாத நூலகங்களை ஒரே கட்டளையால் நீக்க முடிவது இப்பதிவினால்தான்.

நீக்கும் முறையிலும் வேறுபாடு உண்டு. லினக்ஸில் பயன்பாட்டில் உள்ள நூலகத்தை நீக்கினால் பெயர் மட்டும் மறையும். ஏற்கெனவே இயங்கும் மென்பொருள் அதன் உள்ளடக்கத்தைத் தொடர்ந்து பயன்படுத்தும். விண்டோஸில் ஏற்றப்பட்ட நூலகத்தை நீக்க இயங்குதளம் இசைவதில்லை. ஆகவே அடுத்த தொடக்கத்தின்போது நீக்குமாறு குறிப்பு எழுதிவைக்கப்படுகிறது. நச்சுநிரல் தடுப்பு மென்பொருள் தன் பணியை முடிக்கக் கணினியை மறுதொடக்கம் செய்யக் கோருவதற்கு இது ஒரு காரணம். தவறான நீக்கத்தின் விளைவு உடனே தெரியாது, மறுதொடக்கத்திற்குப் பின்னரே வெளிப்படுவதற்கும் இதுவே காரணம். மறுதொடக்கத்திற்கு முந்தைய அவ்விடைவெளியே முடிவை மீளாய்வு செய்யக் கிடைக்கும் இறுதி வாய்ப்பு எனலாம்.

லினக்ஸ் முறையும் முற்றிலும் காப்புடையதன்று. தொகுப்பு மேலாளருக்குத் தெரியாமல் பயனரே தொகுத்து நிறுவிய மென்பொருளின் தேவை அத்தரவுத்தளத்தில் இடம்பெறாது.

9. முடிவுரை

மேற்கண்ட விளக்கங்களால் பின்வரும் முடிவுகள் பெறப்படுகின்றன.

• பகிர்வு நூலகம் தேவையற்றது என்னும் முடிவு கோப்பின் பண்பன்று. அக்கோப்புக்கும் பிற மென்பொருள்களுக்கும் உள்ள உறவு பற்றிய கூற்று. தேவை எழும்போது மட்டும் அழைக்கப்படும் நூலகங்கள் உள்ளவரை, புறச்சோதனையால் அக்கூற்றை உறுதிப்படுத்த இயலாது.

• பதிவகக் கணக்கு, பெயர், இலக்கக் கையொப்பம், நச்சுநிரல் அடையாளம் ஆகிய ஒவ்வொன்றும் தனித்து நிற்கையில் தவறியுள்ளது. முகவரி, பதிப்பெண், கையொப்பம், நிறுவிய மென்பொருள் ஆகியவற்றை ஒருங்கே நோக்குவதே தக்கது.

• ஐயத்திற்குரிய நூலகத்தை உடனே அழிப்பதினும் தனிமைப்படுத்தி வைப்பது நன்று. தனிமைப்படுத்தியதை மீட்க வழியுண்டு. ஆயினும் இயங்குதளத்தின் அடிப்படை நூலகங்களைப் பொறுத்தவரை தனிமைப்படுத்தலும் நீக்கத்திற்கு ஒப்பானதே. எனவே மறுதொடக்கத்திற்கு முன் அம்முடிவை மீண்டும் ஆராய வேண்டும்.

• இழந்த கணினி நூலகத்தை இயங்குதளத்தின் கோப்புச் சரிபார்ப்புக் கருவியின் வாயிலாகவோ, அம்மென்பொருளை மீள நிறுவியோ பெறுவதே முறை. மூலம் அறியப்படாத இணையதளங்களிலிருந்து தனி நூலகக் கோப்பைத் தரவிறக்கி வைப்பது, போலி நூலகத்திற்குத் தானே கதவு திறந்துவிடுவதாகும்.

• மொழிப் பதிப்புகள் சோதனையில் விடுபடுவதால் நேர்ந்த இடர்கள், தமிழ் இடைமுகத்தோடும் தமிழ் எழுத்து நூலகங்களோடும் இயங்கும் கணினிகளிலும் சோதனை தேவை என்பதை உணர்த்துகின்றன.

பகிர்வு நூலகம் பலர்க்கும் பொதுவான உடைமை. பொது உடைமையை நீக்கும் உரிமை ஒருவரிடம் இருக்கலாம். அதனால் பயன்பெறுவோர் யாவர் என்னும் பதிவு இல்லாதவிடத்து அவ்வுரிமையைப் பயன்படுத்தாமையே காப்பாகும்.